சாலையோரத் 'தடை' நோட்டீஸ்: மாநகர் மன்ற முடிவை உயர் நீதிமன்ற மறுஆய்வுக்குக் கொண்டுபோகும் வழி

மலேசியத் தலைநகர் கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸில் பூமாலை கட்டி விற்கும் மேசை, ஜாலான் மஸ்ஜித் இந்தியாவில் நடைபாதைக்கு நீண்டுவிட்ட துணி ரேக், பினாங்கு லெபு பாசாரில் அஞ்சடியில் (கடை முன்னுள்ள கூரையிட்ட நடைவழியில்) அடுக்கிய மளிகை மூட்டை. மூன்றுக்கும் வரும் நோட்டீஸில் 'ஹலாங்கான்' என்ற ஒரே சொல்தான் இருக்கும். பொது இடத்தில் தடை. இத்தனை நாளுக்குள் அகற்று, தவறினால் மன்றமே அகற்றும், செலவு உன் தலையில்.

நோட்டீஸ் கிடைத்தவர்களில் பெரும்பாலோர் மன்ற அலுவலகத்துக்கு நடக்கிறார்கள், மக்கள் பிரதிநிதியைப் பார்க்கிறார்கள், முறையீட்டுக் கடிதம் ஒன்று கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறார்கள். அவை தவறில்லை. ஆனால் அந்தக் காத்திருப்பிலேயே நீதிமன்றக் கதவு சத்தமில்லாமல் சாத்திக்கொள்கிறது. நீதிமுறை மறுஆய்வு, மலாயில் 'செமாக்கான் கெஹாக்கிமான்', மூன்று மாதக் கெடு உள்ள வழி. அந்த வழியில் கால் வைப்பதற்குமுன் தெரிந்திருக்க வேண்டியது ஒன்று உண்டு. உங்கள் மேசை வழியை மறிக்கிறதா இல்லையா என்று நீதிபதி அளந்து பார்க்கப் போவதில்லை. மன்றம் அந்த முடிவுக்கு எப்படி வந்தது, வரும் அதிகாரம் அதற்கு இருந்ததா, வருமுன் உங்களைக் கேட்டதா என்பதைத்தான் பார்ப்பார். ஆகவே வழக்கின் உயிர் தெருவில் இல்லை, கோப்பில் இருக்கிறது.

முதல் வேலை: நோட்டீஸை வரிவரியாகப் படிப்பது

எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு என்று நோட்டீஸில் இருக்கும். பெரும்பாலும் தெரு, வடிகால், கட்டடச் சட்டம் 1974, அதாவது சட்டம் 133-இன் 46ஆவது பிரிவு. பொது இடத்தில் சுவர், வேலி, பொருள் குவியல் அல்லது வேறு தடை வைப்பது அதன்படி குற்றம். முதல் தடவை அபராதம் 500 வெள்ளிக்கு (ரிங்கிட்) மேல் போகாது, மறுபடி மாட்டினால் 1,000 வெள்ளிக்கு மேல் போகாது. தொகை சின்னதாகத் தெரியும். வலிப்பது வேறு இடத்தில்: மன்றம் பொருளைத் தானே தூக்கிக்கொண்டு போய் வைக்கலாம்; அங்கே அது உரிமையாளரின் பொறுப்பில்தான் கிடக்கும்; தூக்கிய செலவும் வைத்திருந்த செலவும் கட்டும்வரை திருப்பித் தர வேண்டியதில்லை.

அங்காடிக் கடை லைசன்ஸ் சம்பந்தப்பட்டதென்றால் ஊராட்சி மன்றச் சட்டம் 1976 (சட்டம் 171), 107ஆவது பிரிவு வரும். அந்தப் பிரிவைப் படிக்கும் யாருக்கும் மனம் தளரும். லைசன்ஸை எந்த நேரத்திலும், காரணம் சொல்லாமலே ரத்துசெய்யலாம், ரத்தானால் இழப்பீடும் கிடையாது என்கிறது. அதற்குப் பதில் உண்டா என்பதைக் கீழே பார்க்கலாம்.

கையில் இருப்பது கொம்பாவுன் மட்டும் என்றால் மறுஆய்வுக்கு ஓடாதீர்கள். கொம்பாவுன் என்பது 'இதைக் கட்டிவிட்டால் வழக்குப் போடமாட்டோம்' என்ற சலுகை. கட்டாவிட்டால் மஜிஸ்திரேட் நீதிமன்றம். உங்கள் எதிர்வாதத்தை வைக்கும் இடம் அதுதான். சாலையோரச் சிறு கோயில்களின் சிக்கலும் தனி ரகம். அவை அனேகமாக அரசு நிலம் பற்றிய கேள்வி, தேசிய நிலச் சட்டமும் நில அலுவலகமும் உள்ளே வரும். இந்த வழிகாட்டியை அதற்கு அப்படியே பொருத்திப் பார்க்க வேண்டாம்.

அடுத்து இடம். அது உண்மையிலேயே 'பொது இடம்' தானா? நில அலுவலகத்தில் அந்த லாட்டுக்கு (நிலத் துண்டுக்கு) அதிகாரபூர்வத் தேடல் எடுங்கள், எல்லை வரைபடத்தையும் வாங்குங்கள். பழைய கடைவீடுகள் பலவற்றில் அஞ்சடி நிலம் கடைக்காரரின் பட்டாவுக்குள்ளேயே இருக்கும். உடனே 'என் நிலம், எவனும் கேட்க முடியாது' என்று குதித்துவிடக் கூடாது. பட்டா உங்களுடையதாக இருந்தாலும் பொதுமக்கள் நடந்துபோகும் அஞ்சடி சட்டம் 133-இன் பிடிக்குள் வரும். பட்டா பயன்படுவது வேறு விதத்தில்: மன்றம் அதைப் பொதுத் தெரு என்று தவறாக நினைத்து முடிவெடுத்திருந்தால், அந்தத் தவறே ஒரு வாதம்.

மூன்று மாதம், ஆனால் மூன்று மாதம் இல்லை

நீதிமன்ற விதிகள் 2012-இன் 53ஆவது ஆணை இரண்டு நிபந்தனை போடுகிறது. விண்ணப்பம் உடனடியாக வர வேண்டும். எப்படியும் மூன்று மாதத்துக்குள் வர வேண்டும். காரணம் முதலில் எழுந்த நாளிலிருந்தோ, முடிவு முதலில் உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்தோ கணக்கு ஓடும். 2012-க்கு முந்தைய விதியில் 40 நாள்தான் இருந்தது. பழைய குறிப்பைப் பார்த்து 40 நாள் போய்விட்டதே என்று கைவிட்டவர்களும் உண்டு, நேரெதிராக மூன்று மாதம் முழுதும் ஓய்வு என்று நினைத்தவர்களும் உண்டு.

இங்கேதான் அதிகம் பேர் தோற்கிறார்கள். பிப்ரவரியில் நோட்டீஸ் வருகிறது. மார்ச்சில் முறையீட்டுக் கடிதம். ஜூனில் 'உங்கள் முறையீடு பரிசீலிக்கப்பட்டது, முடிவில் மாற்றமில்லை' என்று இரண்டு வரிப் பதில். ஜூன் கடிதத்திலிருந்து மூன்று மாதம் என்று எண்ணுகிறார்கள். மன்றத்தின் வழக்கறிஞர் பிப்ரவரியிலிருந்து எண்ணுவார், பெரும்பாலும் அவர் எண்ணுவதே நிற்கும். கெஞ்சிக் கடிதம் எழுதுவது கடிகாரத்தை நிறுத்தாது. முறையீட்டை மன்றம் புதிதாக ஆராய்ந்து, புதுக் காரணத்தோடு புது முடிவே எடுத்திருந்தால் வாதாட இடமுண்டு. அதை நம்பித் திட்டமிடக் கூடாது.

தக்க காரணம் இருந்தால் கால நீட்டிப்புக் கேட்கலாம். ஆனால் நீதிமன்றங்கள் இதில் இளகிய மனம் காட்டுவதில்லை. ராவுப், புக்கிட் கோமான் தங்கச் சுரங்கத்தை எதிர்த்த குடியிருப்பாளர்களின் வழக்கில், கெடு தவறினால் வழக்கைக் கேட்கும் அதிகாரமே நீதிமன்றத்துக்கு இல்லாமல் போகும் என்று 2013இல் நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் தீர்த்தது. சுற்றுச்சூழல் வழக்குக்கே அந்தக் கதி. மூட்டை வழக்குக்குச் சலுகை எதிர்பார்க்க முடியாது.

பினாங்கில் பிரச்சினை திட்டமிடல் அனுமதி பற்றியதாக இருந்தால் இன்னொரு கெடுவும் இருக்கிறது. நகர, கிராமத் திட்டமிடல் சட்டம் 1976-இன் 36ஆவது பிரிவு அமைக்கும் மேல்முறையீட்டு வாரியத்துக்குப் போக ஒரே மாதம். கோலாலம்பூருக்கு அந்தச் சட்டம் கிடையாது. கூட்டரசுப் பிரதேசத் திட்டமிடல் சட்டம் 1982 தனி. சட்டம் வேறு வழி வகுத்திருக்கும்போது அதை விட்டு நேராக உயர் நீதிமன்றம் போனால் முதல் கேள்வியே 'அங்கே ஏன் போகவில்லை' என்றுதான் வரும். 1987இல் தீர்ந்த ஜக்டிஸ் சிங் வழக்கு இதற்கு அளவுகோல். அதிகாரமே இல்லாமல் எடுத்த முடிவு, சட்டக் கடமையை அப்பட்டமாகச் செய்யாமல் விட்டது, இயற்கை நீதியை (பாதிக்கப்படுபவரைக் கேட்டு முடிவெடுக்கும் நெறியை) கடுமையாக மீறியது போன்ற விதிவிலக்கான நிலையில் மட்டும் நேர்வழி திறக்கும்.

காகிதம் சேர்ப்பது

நோட்டீஸ் கைக்கு வந்த அன்றே தொடங்குங்கள். உறையைத் தூக்கி எறிய வேண்டாம்; அஞ்சல் முத்திரைத் தேதி பின்னால் கெடுக் கணக்குக்குச் சாட்சி. கதவில் ஒட்டியிருந்தால் ஒட்டிய நிலையில் படமெடுங்கள்.

இடத்தைப் படமெடுக்கும்போது அளவுநாடாவை விரித்து வைத்து எடுங்கள்: அஞ்சடியின் மொத்த அகலம், உங்கள் பொருள் பிடித்த அகலம், மிச்ச வழி. காலை, மதியம், மாலை மூன்று நேரமும் எடுப்பது நல்லது. நீதிபதி அளக்கமாட்டார் என்று சொல்லிவிட்டு இதை ஏன் கேட்கிறோம் என்றால், மன்றம் எதைக் கவனிக்காமல் விட்டது என்று காட்ட இது வேண்டும். மூல கோப்பைக் கைப்பேசியிலேயே விட்டுவையுங்கள். வாட்ஸ்அப்பில் அனுப்பிச் சுருங்கிய படத்தை இணைத்தால் எடுத்த நேரம், தேதி பற்றிய சண்டை வேண்டாத தலைவலி.

பொருளைத் தூக்கிக்கொண்டு போனார்களா? பறிமுதல் பட்டியலை அங்கேயே கேட்டு வாங்குங்கள், எண்ணிக்கை சரியா என்று பார்த்தபின் கையெழுத்திடுங்கள். 'பல்வேறு பொருள்கள்' என்று எழுதிய பட்டியலுக்குக் கையெழுத்துப் போட்டால், இருபது மூட்டை பத்தான கதையை யாரிடமும் நிரூபிக்க முடியாது.

பிறகு மன்றத்துக்கு ஒரு கடிதம். மூன்று கேள்வி போதும்: இந்த முடிவை எடுத்தவர் யார், எந்த அதிகாரத்தின் கீழ், என்ன காரணத்துக்காக. ஏழு நாளோ பதினாலு நாளோ அவகாசம் கொடுத்து, நகலில் பெறுதல் முத்திரை வாங்குங்கள். பதில் வந்தால் அது உங்கள் வழக்கின் சான்று. வராவிட்டால் வராததே சான்று. பினாங்குக்காரர்களுக்குக் கூடுதல் வசதி ஒன்று இருக்கிறது. மாநிலத்தின் தகவல் சுதந்திரச் சட்டம் 2010-இன் கீழ் மன்ற ஆவணங்களுக்கு விண்ணப்பிக்கலாம். கோலாலம்பூர்க்காரர்கள் கடிதத்தைத்தான் நம்ப வேண்டும்.

தமிழில் உள்ள ரசீது, கடிதம், கோயில் அல்லது சங்க உறுதிமொழி எதுவானாலும் மொழிபெயர்ப்பு வேண்டும். உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் ஆவணம் மலாயில் இருக்க வேண்டும், ஆங்கில மொழிபெயர்ப்பைச் சேர்த்துக்கொள்ளலாம். மொழிபெயர்ப்பாளர் கிடைக்கவே ஒரு வாரம் ஓடிவிடும், அதையும் கெடுவில் கழித்துக்கொள்ளுங்கள்.

எந்த வாதம் நிற்கும்

சட்டத்துக்கு முரண், அறிவுக்குப் பொருந்தாமை, நடைமுறைத் தவறு ஆகிய மூன்றும் நெடுநாளாக வழங்கும் தலைப்புகள். 1990களுக்குப்பின் மலேசிய நீதிமன்றங்கள் நடவடிக்கை அளவுக்கு மீறியதா என்றும் கேட்கின்றன. ஆர். ராமச்சந்திரன் வழக்கு (1997) ஒரு படி மேலே போய், தகுந்த நிலையில் முடிவின் சாரத்தையும் பார்க்கலாம், நிவாரணத்தை வழக்குக்கேற்ப வடிவமைக்கலாம் என்றது. ஆனால் அதைக் கையில் வைத்துக்கொண்டு எல்லா வழக்கிலும் நீதிபதி மன்றத்தின் நாற்காலியில் உட்காருவார் என்று நினைப்பது ஆசை.

தடை வழக்குகளில் வலுவானது நடைமுறை வாதம்தான். முன்னறிவிப்பே இல்லை, அல்லது 24 மணி நேர அறிவிப்பை வெள்ளிக்கிழமை மாலை ஒட்டினார்கள், விளக்கம் சொல்ல வாய்ப்பே கொடுக்கவில்லை. சட்டத்தில் 'கேட்டுத்தான் முடிவெடு' என்று எழுதியிராவிட்டாலும், ஒருவரைப் பாதிக்கும் முடிவுக்குமுன் அவர் பக்கத்தைக் கேட்கும் கடமை உண்டு என்பதை ஹோ குவான் செங் வழக்கு (1977) நிலைநாட்டியிருக்கிறது. பிழைப்பையே பறிக்கும் முடிவென்றால் டான் தெக் செங் (1996) சேர்ந்துகொள்ளும். அரசமைப்பின் 5ஆவது விதியில் உள்ள 'உயிர்' என்பதில் வாழ்வாதாரமும் அடங்கும் என்று சொன்ன வழக்கு அது.

இப்போது அந்த 107ஆவது பிரிவு. 'காரணம் சொல்லாமல்' ரத்துசெய்யலாம் என்றால் காரணமே இல்லாமல் செய்யலாம் என்று பொருளாகிவிடாது. கோலாலம்பூர் நிலம் பற்றிய ஸ்ரீ லெம்பா வழக்கில் (1979) நீதிபதி ராஜா அஸ்லான் ஷா, எல்லையற்ற விருப்புரிமை என்பதே முரண், சட்டம் தரும் எந்த அதிகாரத்துக்கும் எல்லை இருந்தாக வேண்டும் என்று தீர்ப்பெழுதினார். லைசன்ஸ் அதிகாரம் வேறு நோக்கத்துக்குப் பயன்பட்டதென்று கோப்பு காட்டினால் இந்தத் தீர்ப்பு கைகொடுக்கும். தாமான் ரிம்பா கியாரா வழக்கில் 2023இல் கூட்டரசு நீதிமன்றம் கோலாலம்பூர் டத்தோ பண்டார் (மேயர்) வழங்கிய மேம்பாட்டு அனுமதி ஆணை ரத்தானதை உறுதிசெய்தபோது காரணம் கூறும் கடமையையும் வலியுறுத்தியது. அது திட்டமிடல் வழக்கு, லைசன்ஸ் வழக்கல்ல என்பதை மறைக்காமல் வாதாடுங்கள். மறைத்தால் எதிர்த்தரப்பு முதல் பத்தியிலேயே பிடித்துவிடும். லைசன்ஸ் ரத்து வழக்குகள் கடினமானவை. லைசன்ஸே இல்லாத கடை என்றால் அதைவிடக் கடினம்.

'பக்கத்துக் கடைக்காரனும் வைத்திருக்கிறான், அவனை விட்டுவிட்டார்கள்' என்ற வாதத்தை எல்லோரும் கொண்டுவருகிறார்கள். சட்டத்தை மீறியவருக்குச் சமமாக மீறும் உரிமையை நீதிமன்றம் வழங்காது. ஒரே தெருவில் ஒரே நிலையில் உள்ளவர்களில் ஒருவரை மட்டும் வேண்டுமென்றே குறிவைத்ததற்கு ஆதாரம் இருந்தால் மட்டும் எழுதுங்கள்.

தாக்கல்: படிப்படியாக

மறுஆய்வு உயர் நீதிமன்றத்தில் மட்டும்தான். கோலாலம்பூரில் ஜாலான் டூத்தா நீதிமன்ற வளாகத்தின் மேல்முறையீடு, சிறப்பு அதிகாரப் பிரிவு. பினாங்கில் லெபு லைட் உயர் நீதிமன்றம்.

எதிர்மனுதாரர் பெயரைச் சரியாக எழுதுங்கள். கோலாலம்பூரில் 'டிபிகேஎல்' (மாநகர் மன்றத்தின் சுருக்கப் பெயர்) என்று அல்ல, 'டத்தோ பண்டார் கோலாலம்பூர்'. முடிவெடுக்கும் சட்ட ஆள் அவர். பினாங்குத் தீவில் 'மஜ்லிஸ் பண்டாராயா பூலாவ் பினாங்', அக்கரையில் 'மஜ்லிஸ் பண்டாராயா செபராங் பெராய்'. சாலை மாநில, கூட்டரசுச் சாலையாக இருந்து பொதுப்பணி இலாகா உத்தரவிட்டிருந்தால் ஆளே வேறு.

முதல் கட்டம் அனுமதி, 'கெபெனாரான்'. போரம் (படிவம்) 109இல் விண்ணப்பம். கூடவே அறிக்கை, அஃபிடவிட் (ஆணையிட்டுத் தரும் எழுத்து வாக்குமூலம்) இரண்டும். அறிக்கையில் விண்ணப்பதாரர் யார், என்ன நிவாரணம், எந்தக் காரணங்கள். அஃபிடவிட்டில் நடந்தவை மட்டும், தேதி வரிசையில், ஆவணங்களை இணைத்து, சத்தியப் பிரமாண ஆணையர்முன் உறுதிமொழி எடுத்து. அறிக்கையில் எழுதாத காரணத்தைப் பிறகு விசாரணையில் கிளப்ப நீதிமன்றத்தின் தனி அனுமதி வேண்டியிருக்கும், யோசித்து எழுதுங்கள். அஃபிடவிட்டில் வாதமும் ஆத்திரமும் வேண்டாம். உங்களுக்குப் பாதகமான உண்மையையும் மறைக்காதீர்கள். பழைய மூன்று கொம்பாவுனைச் சொல்லாமல் விட்டு மன்றம் சொல்லித் தெரியவந்தால், அனுமதியே பறிபோகலாம்.

விசாரணை நாளுக்குக் குறைந்தது மூன்று நாள் முன்பே சட்டத்துறைத் தலைவர் அலுவலகத்துக்கு அறிவிப்பும் நகல்களும் சேர வேண்டும். ஒருதரப்பு விண்ணப்பம்தானே என்று இதை மறப்பவர்கள் வேறு தேதி வாங்கித் திரும்புகிறார்கள். வழக்கறிஞர் இல்லாதவர்கள் நீதிமன்றச் சேவை மையத்தின் வழியே மின்தாக்கல் செய்யலாம். வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையம் கோலாலம்பூரிலும் பினாங்கிலும் இருக்கிறது. வருமானத் தகுதி பார்ப்பார்கள். முடிந்தால் வழக்கறிஞரை வையுங்கள். மறுஆய்வு தனியாளுக்கு ஏற்ற வழக்கு வகை என்று நாங்கள் சொல்லமாட்டோம்.

அனுமதிக் கட்டத்தில் தேவைப்படுவது வெற்றியின் நிரூபணம் இல்லை. வீண் வழக்கல்ல, வாதாடத் தக்க விஷயம் இருக்கிறது என்று காட்டினால் போதும். யார் வரலாம் என்பதும் முன்பைப் போல் இறுக்கமில்லை. முடிவால் பாதிக்கப்பட்ட எவரும் என்கிறது விதி. மலேசியத் தொழிற்சங்கக் காங்கிரஸ் வழக்கில் (2014) கூட்டரசு நீதிமன்றம் அதைத் தாராளமாகவே படித்தது.

தடையுத்தரவை மறந்தால் எல்லாம் வீண்

விண்ணப்பம் போட்டதாலோ அனுமதி கிடைத்ததாலோ மன்றத்தின் லாரி நிற்காது. அனுமதியோடு முடிவை நிறுத்திவைக்கும் உத்தரவையும் தனியாகக் கேளுங்கள். நீதிபதி அப்படிப் பணித்தால் மட்டும்தான் நிற்கும். உடைக்கும் நாள் நெருங்கிவிட்டால் அவசரச் சான்றிதழோடு தாக்கல் செய்து, ஏன் காத்திருக்க முடியாது என்று நாள் கணக்கோடு எழுதுங்கள். உடைத்து முடித்தபின் 'முடிவை ரத்துசெய்' என்று நிற்பது பாதி வழக்கு. அந்த நிலையில் பொருளைத் திருப்பித் தரவும் இழப்பீடு தரவும் கோரிக்கையைச் சேருங்கள். 53ஆவது ஆணை இழப்பீடு கேட்க இடம் தருகிறது. இழப்பீட்டுக்குத் தனி சிவில் வழக்கு என்றால் பொது அதிகாரிகள் பாதுகாப்புச் சட்டம் 1948-இன் 36 மாதக் கெடு.

பூ, காய்கறி போன்ற அழுகும் பொருளை எந்த உத்தரவும் மீட்டுத் தராது. கொள்முதல் ரசீதை மட்டும் பத்திரப்படுத்துங்கள்.

அனுமதிக்குப் பின்

போரம் 110ஐத் தாக்கல் செய்து, அறிக்கையும் அஃபிடவிட்டுகளும் சேர்த்து நேரடியாகப் பாதிக்கப்படும் எல்லோருக்கும் முறைப்படி சேர்ப்பிக்க வேண்டும். அனுமதி கிடைத்த 14 நாளுக்குள் தாக்கலை முடித்துவிடுவது என்று வைத்துக்கொண்டால் பாதுகாப்பு. மன்றம் பதில் அஃபிடவிட் கொடுக்கும். அதைக் கவனமாகப் படியுங்கள்: நோட்டீஸில் 'நடைபாதைத் தடை' என்றிருக்கும், பதிலில் 'தீயணைப்பு வண்டி வழி', 'சுகாதாரம்' என்று புதுக் காரணங்கள் முளைத்திருக்கும். பின்னால் கண்டுபிடித்த காரணம் முடிவெடுத்த நாளின் காரணமாகாது. உங்கள் எழுத்துவாதத்தில் அந்த முரணை முதலில் வையுங்கள்.

சாட்சிக் கூண்டு அநேகமாக இருக்காது. அஃபிடவிட்டுகளை வைத்தே வாதம் நடக்கும், குறுக்கு விசாரணை அரிது. வென்றால் பெரும்பாலும் கிடைப்பது முடிவை ரத்துசெய்யும் ஆணை, அல்லது சட்டப்படி மறுபடி பரிசீலி என்ற உத்தரவு. மன்றம் இந்தத் தடவை உங்களை அழைத்து, கேட்டு, காரணம் எழுதி, அதே முடிவுக்கே வரலாம். அதைத் தெரிந்துகொண்டு இறங்குங்கள். பல வேளைகளில் வழக்கு நிலுவையில் இருக்கும்போதே மேசையை இரண்டடி பின்னுக்குத் தள்ளுவது, நேர வரையறை, மாற்று இடம் என்று பேசி முடிப்பதுதான் வியாபாரத்துக்கு லாபம்.

எதிர்த்திசை: தடையை அகற்றச் சொல்லி வழக்கு

சக்கர நாற்காலியில் போகிறவர், கைவண்டியில் குழந்தையைத் தள்ளிப்போகும் தாய், வாசல் அடைபட்ட கடைக்காரர். இவர்கள் கேட்பது மாண்டாமஸ், அதாவது மன்றத்தைக் கடமை செய்யப் பணிக்கும் ஆணை. இதற்கு முதலில் எழுத்தில் கோரிக்கை வைத்து, மன்றம் மறுத்ததாகவோ பதிலே தராமல் விட்டதாகவோ காட்ட வேண்டும். சிக்கல் என்னவென்றால், 46ஆவது பிரிவு அகற்றும் அதிகாரத்தைத் தருகிறதே ஒழிய, ஒவ்வொரு தடையையும் அகற்றியே ஆகவேண்டும் என்று கட்டளையிடவில்லை. 'எங்கள் புகாரைப் பரிசீலிக்கவே இல்லை' என்று கோருவது 'அந்தக் கடையைத் தூக்கு' என்று கோருவதைவிட நிற்கும். மாற்றுத்திறனாளிகள் சட்டம் 2008-இன் 26ஆவது பிரிவு பொது வசதிகளை அணுகும் உரிமையைச் சொல்கிறது; கோரிக்கைக் கடிதத்திலேயே அதைக் குறிப்பிடுங்கள்.

மன்றமே அனுமதித்த தடை என்றால் நிலைமை மாறும். கோத்தா டாமன்சாராவின் டி'வில்லா இகுவஸ்ட்ரியன் குடியிருப்பில் காவல் சாவடி, தடுப்புக் கம்பியை எதிர்த்துக் குடியிருப்பாளர் ஒருவர் கூட்டரசு நீதிமன்றம்வரை போனார். மன்ற அனுமதி இருந்தது. வழி மறுக்கப்படவில்லை, கம்பியைத் தானே தூக்கிவிட்டுப் போகும் சிரமம் மட்டும்தான். அது சட்டம் சொல்லும் தடையாகாது என்று 2015இல் தோற்றார். அப்படிப்பட்ட இடத்தில் அண்டை வீட்டார்மீது வழக்குப் போடுவதைவிட, அனுமதி கொடுத்த முடிவையே மூன்று மாதத்துக்குள் மறுஆய்வுக்குக் கொண்டுபோக முடியுமா என்று முதலில் பாருங்கள்.

தோற்றவர் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு 30 நாளுக்குள் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். அதற்கும் மேலே கூட்டரசு நீதிமன்றம் போக அனுமதி தனியாக வாங்க வேண்டும். தோற்ற தரப்பு செலவுத்தொகை கட்டுவது வழக்கம் என்பதால், ஒவ்வொரு படி ஏறுமுன்னும் அந்தத் தொகையை அங்காடிக் கடையின் ஒரு வருட வருமானத்தோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு ஏறுங்கள்.